பன்றி உருட்டிய கற்கள்

கடலை ஒட்டிய பனங்காட்டின் தெற்கு ஓரத்தில், கரிவாலன் என்ற நரி வளை தோண்டித் தன் குட்டிகளோடு வாழ்ந்தது. அங்கிருந்து வடக்கே, ஒரு கூப்பிடு தூரத்தில் உயரமான மணல் மேடு ஒன்று இருந்தது. அடும்புக்கொடி படர்ந்த அந்த மேட்டில் செம்பி என்ற முயல் தன் மூன்று குட்டிகளோடு குடியிருந்தது.

மேட்டின் அடியில் ஓர் ஊற்று. ஐம்பதடி தள்ளி உப்புக் கடல் அலையடிக்கும். இங்கே காலால் நாலு பறி பறித்தால் நல்ல தண்ணீர் ஊறும். ஐப்பசி மழையை அந்த மேடு குடித்து வைத்துக்கொண்டு சித்திரை வெயிலில் திருப்பிக் கொடுக்கும். குளங்கள் வெடித்துக் கிடக்கும் மாதங்களில் காட்டில் எல்லோருக்கும் அதுதான் தண்ணீர்.

அங்கே ஒரு வழக்கம் இருந்தது. குடித்து முடித்தவர் குழியை ஈர மணலால் மூடிவிட்டுத்தான் போக வேண்டும். திறந்து கிடந்தால் வெயில் உறிஞ்சிவிடும். நரிகூட மூடிவிட்டுத்தான் போகும்.

அந்தக் கடற்கரையில் மணல் ஓரிடத்தில் நிற்காது. தென்காற்று வீசும் மாதங்களில் அலை அதைத் தெற்கிலிருந்து வடக்கே நகர்த்திக்கொண்டே போகும். ஒரு கரையில் அரித்தது அடுத்த கரையில் சேரும். சேர்ந்ததும் நிற்காமல் அடுத்த கரைக்குப் போகும்.

ஒரு வருடம் ஆனி மாதத்தில், நரியின் வளைக்கு முன்னால் கரை இரண்டு முழம் இடிந்து விழுந்தது. நரிக்குத் தூக்கம் போயிற்று. அது கரையில் மேலும் கீழும் நடந்தது. அப்போது உடைந்து ஒதுங்கிய பழைய வள்ளம் ஒன்று மணலில் குறுக்கே கிடப்பதைப் பார்த்தது. வள்ளத்தின் தெற்குப் பக்கம் மணல் குவிந்து மேடாகியிருந்தது.

நரி நேராகப் போய்ப் பெருமூக்கன் என்ற காட்டுப்பன்றியைக் கூட்டி வந்தது.

"அண்ணாச்சி, இதைப் பாரும். குறுக்கே ஒண்ணு கிடந்தா மணல் நிக்குது. காட்டுக்குள்ள இருக்க கல்மேட்டிலிருந்து நாலு கல்லை உருட்டிக் கடலுக்குள்ள வரிசையா போட்டுட்டா என் கரைக்கு ஆபத்தே இல்ல. உம்ம மூக்குக்கு இதெல்லாம் ஒரு வேலையா?"

பன்றி வள்ளத்தைச் சுற்றி வந்தது. தெற்கே மேடு. சரிதான். ஆனால் வடக்குப் பக்கத்தில் கடல் குடைந்த பெரிய பள்ளம் இருந்தது. பன்றி அதையும் பார்த்தது. நன்றாகவே பார்த்தது.

"அந்தப் பக்கம் பள்ளம் விழுந்திருக்கே," என்றது.

"அது வள்ளத்துக்கு அந்தப் பக்கம். நமக்கு என்ன வந்தது? மணல் சேர்ந்ததும் பனை நிழல்ல பாதி உமக்கு. படுத்துப் புரளும்."

பன்றி மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை. மறுநாளே கல்லை உருட்டத் தொடங்கியது.

மூன்றாம் நாள் செம்பி ஓடி வந்தது. மூச்சு வாங்கியது.

"என்ன வேலை பாக்குறிய? மணலை இங்க மறிச்சா என் மேட்டுக்கு எது வரும்?"

"யாரு மணலை யாரு மறிச்சா?" என்றது நரி. "என் கரையில இருக்கு. என் மணல்."

"நேத்து அது யாரு கரையில இருந்தது?"

"நேத்துக் கதையெல்லாம் எதுக்கு?"

"என் வீடு போனா நான் வேற புதரைத் தேடிக்கிடுவேன். மேடு போனா ஊற்று போகும். நீயும் அதுலதான குடிக்க?"

"ஊற்று தரைக்கு அடியில இருக்கு. அலை மேல வருது. பயந்தாங்கொள்ளிக்கு எல்லாம் பயம்தான்," என்று நரி சிரித்தது.

செம்பி பன்றியின் பக்கம் திரும்பியது. "நீராவது சொல்லும்."

பன்றி தலையைத் தூக்கவில்லை. "நான் கல்லைத்தான் உருட்டுதேன் தாயி. மத்தது எனக்குத் தெரியாது," என்று சொல்லிவிட்டு அடுத்த கல்லை முட்டித் தள்ளியது.

கல்வரிசை கடலுக்குள் நீண்டது. ஆடி முடிவதற்குள் நரியின் கரையில் மணல் குவிந்தது. வளைக்கு முன்னால் குட்டிகள் ஓடி விளையாடும் அளவுக்கு இடம் கிடைத்தது. நரி தன் சாமர்த்தியத்தைப் பார்க்க வரும்படி காட்டில் எல்லோரையும் அழைத்தது. எல்லோரும் வந்தார்கள். பாராட்டினார்கள். வடக்கே எட்டிப் பார்க்க ஒருவருக்கும் தோன்றவில்லை.

வடக்கே ஒவ்வொரு கடல் ஏற்றத்துக்கும் மேடு ஒரு முழம் அறுந்தது. மேலிருந்து அடும்புக்கொடிகள் வேரோடு தொங்கின. செம்பி குட்டிகளை வாயில் கவ்வி மூன்று முறை இடம் மாற்றியது.

நரி ஒரு நாள் பார்க்க வந்தது. அறுந்த மேட்டைப் பார்த்துத் தலையை ஆட்டியது.

"ஏன் இப்படிக் கஷ்டப்படுத? நீயும் வடக்கே ஒரு வரிசை போட்டுக்கோ. அண்ணாச்சிகிட்ட நான் சொல்லுதேன்."

"எனக்கு வடக்கே யாரு இருக்கா தெரியுமா?" என்றது செம்பி. "ஆமை தை மாசம் கரையேறி முட்டையிடுத இடம் அது. நான் கல்லைப் போட்டா அவ கரை அறுந்துபோகும். நீ எனக்குச் செஞ்சதை நான் அவளுக்குச் செய்யணுமா?"

"அவ கடலுக்குள்ளயே கிடக்குதவ. அவளுக்கு என்ன தெரியப்போகுது?"

"எனக்குத் தெரியுமே. போ இங்கேயிருந்து."

ஐப்பசியில் புயல் ஒன்று வந்தது. முன்பெல்லாம் எத்தனையோ புயல்களை அந்த மேடு தாங்கியிருந்தது. இம்முறை தாங்குவதற்கு மேடே மிச்சமில்லை. கடல் அதைப் பிளந்து உள்ளே வந்து ஊற்றின் மேல் நின்றது. பிறகு வடிந்தது. அங்கே தட்டையான ஈர மணல் மட்டும் கிடந்தது.

சித்திரை வந்தது. குளங்கள் வெடித்தன. ஒரு நாள் காலையில் நரி நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு வடக்கே வந்தது. பழைய இடத்தைக் கண்டுபிடித்துப் பறித்தது. தண்ணீர் ஊறியது. ஒரு வாய் குடித்துத் துப்பியது.

"உப்பு! இதுல உப்பைக் கலந்தது யாரு?"

சற்றுத் தள்ளி நின்றிருந்த செம்பி சொன்னது: "இன்னும் ஒரு வாய் குடிச்சுப் பாரு. உன் கல்லோட ருசி தெரியும்."

நரி பல்லைக் கடித்தது. பன்றியைக் கூப்பிட்டது. "கவலைப்படாதேயும் அண்ணாச்சி, நம்ம கரையிலதான் மேடு மாதிரி மணல் கிடக்கே. அங்க தோண்டும்."

பன்றி தெற்கே போய்த் தோண்டியது. ஓர் ஆள் ஆழத்துக்குத் தோண்டியது. அங்கேயும் உப்பு. நேற்று வந்த மணல் அது. எத்தனையோ வருட மழையைக் குடித்த மேட்டைப் போல் அது எப்படி ஆகும்? விளையாடக் கிடைத்த இடத்தில் நரிக்குட்டிகள் வறண்ட நாக்கோடு கிடந்தன.

மறுநாள் நரி குட்டிகளைக் கூட்டிக்கொண்டு மேற்கே ஊர்ப்பக்கம் போனது. நாய்கள் இருக்கும் ஊர். போகும்போதும் அது, "அந்தப் புயல் மட்டும் வராம இருந்திருந்தா" என்று புலம்பிக்கொண்டேதான் போனது.

பன்றி மட்டும் கல்வரிசைக்குப் போனது. மூக்கைக் கொடுத்து ஒரு கல்லைத் தள்ளியது. சரிவில் உருட்டி வந்தபோது லேசாக வந்த கல், இப்போது மணலுக்குள் பாதியளவு புதைந்து அசைய மறுத்தது. பன்றி அன்று முழுதும் முட்டியது. மூக்கில் ரத்தம் வந்தது. ஒரு கல்கூட நகரவில்லை.

செம்பி குட்டிகளோடு அந்த வழியாக வந்தது. அதுவும் காட்டை விட்டுப் போய்க்கொண்டிருந்தது. ஒரு குட்டி குறைந்திருந்தது. பன்றி அதைக் கவனித்தது. கேட்கத் துணியவில்லை.

செம்பி நின்றது.

"மத்தது எனக்குத் தெரியாதுன்னு அன்னைக்குச் சொன்னீரே. நிஜமாவே தெரியாதா?"

பன்றி இம்முறை தலையைத் தூக்கியது. பிறகு, "தெரியும்," என்றது. "வள்ளத்துக்கு வடக்கே இருந்த பள்ளத்தை மொதல் நாளே பாத்தேன்."

"பாத்துமா?"

"பாத்தும்தான்."

செம்பி குட்டிகளை முன்னால் விட்டு நடந்தது.

பன்றி வடக்கே போனது. நரி மூடாமல் விட்டுப்போன குழி அங்கே திறந்து கிடந்தது. உள்ளே உப்புத் தண்ணீர் வெயிலில் மினுங்கியது. பழைய வழக்கப்படி பன்றி அதை ஈர மணலால் மூடியது. மூடி முடித்த பிறகுதான், இனி அதைத் திறக்க யாரும் வரமாட்டார்கள் என்பது அதற்கு உறைத்தது.

அடுத்தவர் கரையை அறுக்கும் என்று தெரிந்தே கல்லை உருட்டுகிறவன், உருட்டச் சொன்னவனைவிட எள்ளளவும் நல்லவன் அல்ல.