சிபாரிசு நாற்பத்தொன்று

ஆனி மாதம் மூன்றாம் தேதி, காலை பத்து நாழிகை. நாற்பத்திரண்டு விண்ணப்ப ஓலைகளைச் சுமந்துகொண்டு அரசவைக்குள் நுழைந்தார் அரசவை விகடகவி கூத்தன். காவல்நாயகி அம்மன் கோயிலில் காலியாக இருந்ததோ ஒரே ஒரு பூசாரி இடம்.

விண்ணப்பங்களை அரசவையே பார்க்க வேண்டும் என்று மன்னர் மகுடவர்மர் உத்தரவிட்டதற்குக் காரணம் உண்டு. முந்தைய பூசாரி, தீபாராதனை காட்டுகிறேன் என்று அம்மன் சேலையைக் கொளுத்திவிட்டார். அவர் முதலமைச்சரின் சகலை.

"ஓய் கூத்தரே, இந்தத் தடவை தகுதியான ஆள் வேண்டும். இல்லையென்றால் உம் உத்தியோகம் போகும்" என்றார் மன்னர். "அதற்காகப் பெரியவர்கள் சிபாரிசில் ஒன்றையும் நீர் தள்ளக் கூடாது. தள்ளினாலும் போகும்."

நாற்பத்தொரு விண்ணப்பங்களோடு சிபாரிசு ஓலையும் சேர்த்துக் கட்டியிருந்தது. முந்தின நாள் அவர் வைத்த சோதனையில், மந்திரம் சொல்லச் சொன்னால் படைத்தலைவரின் ஆள் போர்ப்பாட்டுப் பாடினான். முதலமைச்சரின் ஆள் மணியைத் தலைகீழாகப் பிடித்து, "தீர்த்தம் இதில்தானே?" என்று கேட்டான். தடுமாறாமல் பூசை செய்து காட்டியவர் சிவக்கொழுந்து ஒருவர்தான். அவருக்குச் சிபாரிசு செய்ய நாதியில்லை.

கூத்தன் தொண்டையைச் செருமினார்.

"அரசே, பூசாரிக்கு என்ன வேலை?"

"இது தெரியாதா? நம் பெயரும் நட்சத்திரமும் சொல்லி, 'இவரைக் கொஞ்சம் கவனி தாயே' என்று அம்மனிடம் எடுத்துச் சொல்வது."

"அதாவது, சிபாரிசு."

"ம்... ஆமாம்."

"அப்படியானால் நம் படைத்தலைவரை மிஞ்ச ஆள் ஏது? போர்ப்பாட்டுப் பாடியவனை 'வேத விற்பன்னன்' என்று கூசாமல் எழுதியிருக்கிறார். நானே நம்பிவிட்டேன். அம்மன் நம்பமாட்டாளா? அவரையே பூசாரி ஆக்கிவிடலாம். இன்றைக்கே மீசையை எடுத்துவிட வேண்டும். கோழி கூவும் முன் குளத்தில் முழுக்கு. ஈரத்துணியோடு அறுபது குடம் தண்ணீர். உச்சிப் பூசை வரை பட்டினி. ஆட்டுக்கறி இந்த ஜன்மத்துக்குக் கிடையாது."

படைத்தலைவரின் கை தானாக மீசைக்குப் போனது.

"யோவ், என் ஓலையைக் கொடுமய்யா!"

"அடுத்து, முதலமைச்சர் பெருமான்..."

"எனக்கு ஈரம் ஆகாதப்பா. இளைப்பு வரும்" என்று அவரும் கை நீட்டினார்.

ஒரு நாழிகைக்குள் நாற்பது சிபாரிசுகள் திரும்பிப் போயின. கூத்தன் ஒன்றையும் தள்ளவில்லை.

மிச்சம் ஒன்று. அதைப் புரட்டிப் பார்த்தவர், மன்னரை மேலும் கீழும் அளந்தார்.

"என்னய்யா அப்படிப் பார்க்கிறீர்?"

"இதில் அரச முத்திரை இருக்கிறது, அரசே. அறுபது குடத்துக்குத் தோள் தாங்குமா என்று பார்த்தேன்."

மகுடம் சரியும்வரை சிரித்தார் மன்னர். "ராணியின் தொல்லை தாங்காமல் குத்திய முத்திரை அது. கிழித்துப் போடும்!"

மோதிரத்தைக் கழற்றிக் கூத்தனுக்குக் கொடுத்தார். சிவக்கொழுந்து மறுநாளே மணியடித்தார்.

அடுத்த ஆண்டு தை மாதம் ஏழாம் தேதி, அதே கோயில் மடைப்பள்ளிக்குச் சமையல்காரர் தேவை என்று பறையறைந்தார்கள். விண்ணப்பம் ஐம்பத்தாறு வந்தது. சிபாரிசு ஐம்பத்தைந்து. ஒன்றிலும் கையெழுத்து இல்லை.