மணிச்சிறகியின் ஈரச்சுவர்

மலைகளுக்கு மனிதர்கள் பேர் வைக்காத காலத்துக் கதை இது, கேளுங்கள்.

ஆற்றின் மேல் கவிந்த ஒரு பாறையின் அடியில் தகைவிலான் குருவிகள் கூட்டமாகக் குடியிருந்தன. சுரைக்குடுக்கை போன்ற மண் கூடுகளை, வருடா வருடம் சுவரோடு சுவர் ஒட்டிக் கட்டும்.

அந்தக் கூட்டத்தில் மணிச்சிறகி என்ற குருவி அப்போதுதான் தன் முதல் கூட்டைக் கட்டத் தொடங்கினாள். வயிற்றில் முட்டை கனத்தது. ஆற்றங்கரை முழுக்க மணல், மழை பொய்த்த வருடம் வேறு என்பதால் சேறு ஒரே ஒரு குட்டையில்தான் இருந்தது. அங்கே எப்போதும் கூட்டம். ஒன்றையொன்று இடித்தன, ஏசின, ஊர்க்கதை பேசின. ஒரு வாய்ச் சேற்றுக்கு அவ்வளவு நேரம் நிற்க வேண்டியிருந்தது. இவர்களால் தன் முட்டை வெறுந்தரையில்தான் விழும் என்று அவள் புழுங்கினாள்.

தேடி அலைந்து, நாணல் புதருக்குப் பின்னால் இன்னொரு குட்டையைக் கண்டாள். யாரிடமும் மூச்சு விடவில்லை. எடுத்தாள், பறந்தாள், அப்பினாள். மறுபடி எடுத்தாள், பறந்தாள், அப்பினாள். பொழுது சாய்வதற்குள் கூடு எழுந்துவிட்டது. ஆசையோடு உள்ளே கால் வைத்தாள். கூடு மொத்தமாகப் பெயர்ந்து ஆற்றில் விழுந்தது.

பக்கத்துக் கூட்டுக் கத்திவாலி எட்டிப் பார்த்தாள். "ஏண்டி, மழையே இல்லாம உன் வீடு மட்டும் எப்படிக் கரைஞ்சுது?"

மணிச்சிறகி மற்ற கூடுகளைப் பார்த்தாள். எல்லாம் பாதிதான் எழும்பியிருந்தன. ஆனால் மேல்வரி மட்டும் ஈரம். கீழ்வரிகள் கல்லாகக் காய்ந்திருந்தன. குட்டையில் மற்ற குருவிகள் இடிபட்டு நின்ற நேரத்தில்தான் இங்கே சுவர் காய்ந்திருக்கிறது என்று அவளுக்குப் புரிந்தது.

மறுநாள் வெயிலில் பொதுக்குட்டை வற்றி வெடித்துப் போனது. பாதிக் கூடுகளோடு எல்லாக் குருவிகளும் தவித்தன. மணிச்சிறகி நாணல் பக்கம் பார்த்தாள். சொன்னால் மானம் போகும். தன் சேறும் தீர்ந்து போகலாம். இருந்தாலும் சொன்னாள்.

"நாணலுக்குப் பின்னால சேறு இருக்கு. நான்தான் மறைச்சேன்."

கத்திவாலி அவளை மேலும் கீழும் பார்த்தாள். "தனிக்குட்டை வெச்சிருந்த மகாராணியா நீ? சரி, வழியக் காட்டு."

மறுபடியும் அதே நெரிசல், அதே ஏச்சு. மணிச்சிறகி தன் முறைக்காக நின்றாள். திரும்பிப் போகும்போதெல்லாம் முந்தைய வரி காய்ந்திருந்தது. கூடு பாதிக் கிண்ணமாக இருக்கும்போதே முட்டை வந்துவிட்டது. சுவர் தாங்கியது.

கூட வாழ்பவர்களுக்காக நாம் காத்திருக்கும் நேரம் வீணாவதில்லை. அந்த நேரத்தில்தான் நம் வீடும் உறுதிப்படுகிறது.