வயிற்றுக்குள் இருந்தவர்கள்

முன்னொரு காலத்தில், ஒரு கோயிலின் வாகன அறையில் மரக்குதிரை ஒன்று நின்றது. வெளியே பொன்வண்ணப் பூச்சு, உள்ளே இருள். அவ்விருளில் ஒரு கறையான் குடும்பம் வாழ்ந்தது. அவர்களுள் கூர்வாயனைப்போல் விரைந்து மரம் கொறிப்பவர் வேறு இல்லை.

“குதிரையின் கால் ஒன்றை முழுதும் தின்று முடித்துவிட்டேன், அக்கா! எனக்கு நிகர் யார்?” என்றான் அவன்.

“ஆமாம், இனி குதிரையே உன்மேல்தான் ஏறிப்போக வேண்டும்,” என்று சிரித்தாள் தமக்கை மெல்லி.

அப்போது அவன் வயிற்றினின்று ஒரு குரல் எழுந்தது. ஒன்றன்று, எண்ணற்ற குரல்கள் ஒன்றாய்.

“ஐயா, சற்று மெதுவாகத் தின்னுங்கள். எங்களால் ஈடுகொடுக்க முடியவில்லை.”

கூர்வாயன் கொறிப்பதை நிறுத்தினான். “யாரது?”

“உள்ளிருக்கும் நுண்ணுயிர்கள். நீங்கள் தின்பதை உணவாக்குபவர்கள்.”

“நான் தின்பதே உணவுதானே!”

அதைக் கேட்டு மரம் பேசிற்று. “இல்லையப்பா. உயிரோடு நின்ற நாளில் வெயிலையும் நீரையும் காற்றையும் கொண்டு சர்க்கரை செய்தேன். அந்தச் சர்க்கரையை மணிமணியாய் ஆயிரக்கணக்கில் கோத்து, சரங்களை இறுகப் பிணைத்தே நிமிர்ந்து நின்றேன். செல்லுலோஸ் என்று அதற்குப் பெயர். பஞ்சும் காகிதமும்கூட அதனால் ஆனவையே. உன் பல் அந்தப் பிணைப்பை நறுக்கும், அவிழ்க்காது. அவிழ்ப்பவர்கள் அவர்கள்தாம்.”

கூர்வாயன் சினந்தான். “என் வயிற்றில் குடியிருந்துகொண்டு எனக்கே படியளக்கிறீர்களா? வெளியே போங்கள்!”

“நீங்கள் சட்டை உரிக்கும் நாள் நெருங்கிவிட்டது. அன்று குடலின் உள்தோலும் கழலும். அதனோடு நாங்களும் போய்விடுவோம்,” என்றன குரல்கள், வருத்தமோ கோபமோ இன்றி.

அவ்வாறே அவன் சட்டை உரித்தான். வயிற்றுக்குள் அமைதி நிலவிற்று.

மெல்லி ஓடிவந்தாள். “தம்பி, என் குடலிலிருந்து ஒரு துளி வாங்கிக்கொள். அவர்கள் அதன்வழி உன்னிடம் வந்துவிடுவார்கள். சட்டை உரித்தவர் எல்லோரும் அப்படித்தான் பிழைக்கிறோம்.”

“நீ கழிப்பதை நான் நக்குவதா? போ அக்கா!”

“வெட்கம் பார்த்தால் உயிர் தங்காதடா!”

அவன் செவிசாய்க்கவில்லை. தின்றான். வயிறு புடைத்தது, பசி தணியவில்லை. மேலும் தின்றான். கால்கள் துவண்டன. தின்னத் தின்னப் பசியே வளர்ந்தது.

நான்காம் நாள் தன் வயிற்றை நோக்கித் தலை குனிந்து, “யாராவது இருக்கிறீர்களா?” என்று மெல்லக் கேட்டான்.

மரத்தூள் சரியும் ஓசை மட்டும் கேட்டது.

“நான் இருக்கிறேன்,” என்றது அவனுள் நிறைந்திருந்த மரம். “ஆனால் உனக்கு உணவாகாமல் இருக்கிறேன்.”

மெல்லி மீண்டும் வந்து அவன் வாயருகே நின்றாள். அவன் உதடு திறந்தது. சுற்றிலும் உறவினர் பார்த்துக்கொண்டிருந்தனர். முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

மறுநாள் அவன் இறந்துகிடந்தான். அக்குல வழக்கப்படி உறவினர் அவன் உடலைப் பகிர்ந்து உண்டனர். மெல்லியும் தன் பங்கை உண்டாள். அவள் வயிற்றுக்குள் குரல்கள் வியந்தன:

“எவ்வளவு மரம்! ஒரு முடிச்சுகூட அவிழவில்லையே, பாவம்.”

பின் அவை முடிச்சுகளை அவிழ்த்துச் சர்க்கரையாக்கத் தொடங்கின.

மெல்லி அழுதுகொண்டே இருந்தாள். அவள் உடலெங்கும் இனிமை பரவிற்று.