மூடிக்கொண்ட நத்தை

ஆற்றோரச் சதுப்பு வெடித்துக் கிடந்தது. கோரைகூடக் கருகிவிட்டது. கரையில் குடிசை போட்டிருந்த குருவுக்கு வயது முப்பதைத் தாண்டிக் கொஞ்சம்தான். கோபம் மட்டும் கிழவன் கோபம். அதற்குப் பயந்து ஓடியவர்கள் போக மிஞ்சிய சீடர் ஒருத்திதான். கோசலை. அவளுக்கு ஐம்பது வயது.

அன்று அவள் பாடம் கேட்க வரவில்லை.

"சாமி, மகன் வெள்ளத்துல போனதுலேருந்து எம் புருஷன் வாயே திறக்கலை. அழுங்க, திட்டுங்க, ஏதாவது பேசுங்கன்னு தினமும் கேட்டுப் பாத்துட்டேன். சுவத்தைப் பாத்துத் திரும்பிக்கிறாரு. எங்க அண்ணன் நாளைக்கு வண்டி கொண்டு வர்றாரு. அவரோட போயிடட்டுமா?"

"மண்வெட்டியை எடு."

"நான் கேட்டது..."

"எனக்குக் காது இருக்கு. எடு, தாயி."

சதுப்பின் நடுவே வெட்டச் சொன்னார். மேல்மண் கல்லாக இருந்தது. ஒரு சாண் போனதும் கொஞ்சம் குளுமை. மண்ணோடு ஒரு நத்தை உருண்டு வந்தது. வாயை அடைத்துக்கொண்டு கெட்டியான மூடி.

"செத்துப்போச்சா, சாமி?"

"மழை பெஞ்சா தெரியும்."

"அதுவரைக்கும்?"

"தெரியாது."

கோசலைக்குப் பொறுக்கவில்லை. கொண்டை ஊசியை உருவினாள். மூடியின் ஓரத்தில் கொடுத்து நெம்பினாள். மூடி பிய்ந்து வந்தது. உள்ளே ஈரமாக ஏதோ சுருங்கியது.

"உசிரு இருக்கு சாமி!" சிரித்தேவிட்டாள்.

"இருக்கு. இனிமே எதை வெச்சு மூடிக்கும்?"

சிரிப்பு நின்றது. மூடியைத் திரும்ப வைத்து அழுத்தினாள். ஒட்டவில்லை. சுற்றுமுற்றும் தண்ணீர் தேடினாள். கண்ணுக்கு எட்டியவரை வெடிப்புதான். உள்ளங்கையில் இருந்ததைப் பார்த்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். குரு அவசரப்படுத்தவில்லை. அதுவே அவருக்குப் பெரிய காரியம்.

"மண்ணுக்குள்ள இது மாதிரி இன்னும் இருக்குமா, சாமி?"

"காலை எங்க வெச்சாலும் அதுமேலதான் வெக்கிற. போன கோடையிலயும் இப்படித்தான் கிடந்துச்சு. மழை விழுந்துச்சு. கரை பூரா நத்தை. வந்த நாரைக்குத் தின்னு மாளலை."

கோசலை எழுந்தாள். நத்தையைக் குழிக்குள் வைத்து, மண்வெட்டியை விட்டுவிட்டுக் கையாலேயே மண்ணை அள்ளி மூடினாள். மிதிக்காமல் தடவிவிட்டாள்.

"நாளைக்கு வண்டி வந்து நிக்குமே, சாமி?"

"நிக்கட்டும். உங்க அண்ணனுக்கும் சேத்து உலை வை."