வளையின் வாயை அளந்த நரி

ஓடைக்கரை மேட்டில் ஒரு வளையில் சிலும்பி என்ற முள்ளம்பன்றி தன் இரண்டு குட்டிகளோடு குடியிருந்தாள். அவள் பிறந்ததும் அதே வளையில்தான். குட்டிகளுக்கு முள் இன்னும் இறுகவில்லை, தொட்டால் ஈர்க்குச்சி போல வளையும். அதனால் சிறுத்தையின் உறுமல் கேட்டால் போதும், மூவரும் கடைக்கோடி அறைக்கு ஓடிவிடுவார்கள். சிறுத்தையின் கை அதுவரை எட்டாது.

அந்தக் காட்டில் கோடை வந்தால் எல்லோருக்கும் நாக்கு வறண்டுவிடும். அதனால் யானை ராஜா ஓர் ஆணை போட்டார். "ஓடையில் தண்ணீர் இருக்கும்போதே அதை மறித்து ஏரி கட்டுவோம்! இடம் கொடுப்பவர்களுக்கு ஈடாக வேறு இடம் கொடுப்போம்!"

சிலும்பிக்கும் சந்தோஷம்தான். ஆனால் ஏரி வரப்போவது அவள் மேட்டில்!

அளவெடுக்க நரி வந்தது. வளையின் வாயில் தன் வாலை வைத்துப் பார்த்தது. "அகலம் அரை வால்! அதோ அந்தப் பாறையில் அரை வால் அகலத்தில் ஒரு பொந்து இருக்கிறது. இனி அதுதான் உனக்கு!"

சிலும்பி போய்ப் பார்த்தாள். தலையை நுழைத்தால் முதுகு வெளியே நின்றது.

"ஐயா, இதில் என் பிள்ளைகளை எங்கே ஒளித்து வைப்பேன்?"

"அது உன் பாடு! வாய்க்கு வாய் சரியாகிவிட்டது!"

பக்கத்தில் வெயில் காய்ந்துகொண்டிருந்த உடும்பு மெதுவாகச் சொன்னது. "குடுக்கிறதை வாங்கிக்கோ தங்கச்சி. என் வளைக்குப் பதிலா எனக்கும் ஒரு பாறை வெடிப்புதான் குடுத்தாங்க. நான் வாயைத் திறந்தேனா?"

"உங்களுக்குப் பாறை ஏறத் தெரியும் அண்ணே! என் பிள்ளைகளுக்கு ஓடவே தெரியாதே!"

அவள் நேரே ராஜாவிடம் போனாள். முள்ளெல்லாம் கலகலவென்று ஆடியது.

"ஏம்மா, சண்டைக்கா வந்திருக்கே?" என்றார் ராஜா.

"இல்லைங்க ராஜா, பயத்துல நடுங்குது. நீங்களே ஒருதரம் வந்து பாருங்க!"

ராஜா வந்தார். நரி முந்திக்கொண்டது. "இரண்டு வாயும் ஒரே அளவு ராஜா! இந்த அம்மாவுக்குப் பேராசை!"

"அப்படியானால் இரண்டிலும் தண்ணீர் ஊற்றிப் பாருங்கள்," என்றாள் சிலும்பி.

சொல்லிவிட்டாளே தவிர, கால் நகரவில்லை. எப்படியும் ஏரிக்குள் போகிற வளைதான். என்றாலும் அதில் தண்ணீர் ஊற்றத் தன் வாயாலேயே சொல்ல வேண்டியதாயிற்றே! குட்டிகளைப் புதரோரம் உட்கார வைத்தாள். உள்ளே கிடந்த பழைய மான்கொம்பை இழுத்து வந்தாள். பல் முளைத்த நாளில் அவள் கடித்த கொம்பு அது. அவள் பல் பட்ட தடத்தின் மேல் இப்போது குட்டிகளின் பல் தடம்.

ராஜா முதலில் பாறைப் பொந்தில் ஊற்றினார். அரைத் துதிக்கைத் தண்ணீரிலேயே பொங்கி வழிந்து நரியின் வாலை நனைத்தது. அடுத்து வளையில் ஊற்றினார். குபுகுபுவென்று உள்ளே போனது. ஓடைக்கும் மேட்டுக்குமாக நடந்தார், ஊற்றினார், மறுபடி நடந்தார்.

சிலும்பி காதைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"இது நாங்க கிழங்கு வைக்கிற இடம்... இது மழைக்கு ஒதுங்குற வளைவு... இது எங்க அம்மா என்னைப் பெத்த அறை..."

"இன்னும் நிறையலையா அம்மா?" என்றார் ராஜா.

"கடைசி அறை பாக்கி இருக்குங்க ராஜா. பிள்ளைங்க தூங்குற அறை."

ஒருவழியாக வாயில் தண்ணீர் பளபளத்தது. ராஜா பெருமூச்சு விட்டு உட்கார்ந்தார். "அரை வாலுக்குள்ளே இவ்வளவா!"

"வெளியே ஒன்றும் தெரியவில்லையே ராஜா..." என்று நரி இழுத்தது.

"அடுத்தவங்க தோண்டின வளையிலேயே காலம் தள்ளுறவருக்கு எப்படித் தெரியும்?" என்றாள் சிலும்பி. உடும்பு வாய்விட்டுச் சிரித்தது.

ராஜா எழுந்தார். "இந்த வளை குடித்த அளவு தண்ணீர் குடிக்கிற வளை ஒன்று தயாராகட்டும். அப்புறம்தான் ஏரி வேலை! நரியே, கரடியைத் துணைக்கு வைத்துக்கொண்டு நீயே தோண்டு!"

"அப்படியே என் பழைய வளையிலும் ஊத்திப் பாருங்க ராஜா!" என்றது உடும்பு. அன்றுதான் அது முதன்முதலாகத் தனக்காக வாயைத் திறந்தது.

மேட்டுக்காட்டில் புது வளை தயாரானது. பழையதைப் போலவே ஆழம், அதே போல அறைகள். சிறுத்தை வந்து கையை விட்டுப் பார்த்துவிட்டு ஏமாந்து திரும்பியது. ஏரியும் நிறைந்தது. அந்தக் கோடையில் காடே தண்ணீர் குடித்தது.

அந்தி சாயும்போது சிலும்பி கரையில் நின்று தண்ணீரில் ஓர் இடத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

"புது வளை நல்லாத்தானே இருக்கு அம்மா?" என்று குட்டிகள் கேட்கும்.

"நல்லாத்தான் இருக்குடா கண்ணு," என்பாள். வளைக்குத் திரும்பியதும் கடைசி அறையில் கிடக்கும் மான்கொம்பை ஒருமுறை முகர்ந்துகொள்வாள். அதில் மட்டும் பழைய மண்ணின் வாசனை இன்னும் இருந்தது.

பொதுநன்மைக்காக ஒருவரின் இடத்தை எடுப்பவர்கள், வெளியே தெரியும் அகலத்தை மட்டும் அளக்காமல் உள்ளே வாழ்ந்த வாழ்க்கையையும் அளந்து ஈடு கொடுக்க வேண்டும்.