சரிவில்லாத தரை

பாரிஸ் நகரத்தில் ஒரு தொப்பிக் கடைக்கு மேலே, மூன்றாவது மாடியில், வர்வாரா அம்மையார் பாலே நடனம் சொல்லிக்கொடுத்துவந்தார். ருஷ்ய தேசத்தில் பிறந்தவர். அங்கே பெரிய அரங்கத்தில் ஆடிப் பேர் வாங்கியவர். புரட்சி வந்தபோது ஒரு சின்னப் பெட்டியோடு கிளம்பி வந்தவர். அறுபது தாண்டியும் அவருக்கு முதுகு வளையவில்லை.

கூடத்தில் மரத்தரை. சுவரோரம் கைபிடிக்க ஒரு நீளக் கட்டை. ஒரு பழைய பியானோ. மூலையில் மாதாவின் படம், அதன் முன்னால் அணையாமல் எரியும் ஒரு சின்ன விளக்கு. வேறொன்றும் கிடையாது. கண்ணாடிகூடக் கிடையாது.

"கண்ணாடி வைத்தால் பிள்ளைகள் அதைப் பார்த்தே ஆடுவார்கள். என்னைப் பார்த்து ஆட மாட்டார்கள்" என்பார். எதிரே ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார்.

ஒரு திங்கட்கிழமை காலையில் லூசியேன் படியேறி வந்தாள். அவரிடம் ஒன்பது வருஷம் படித்தவள். இப்போது முப்பது வயது. ஒரு நாட்டியக் குழுவில் அவள்தான் முதல் ஆட்டக்காரி.

பியானோ வாசிக்கும் கிழவர் ஒனோரே அவளைப் பார்த்ததும் எழுந்து நின்றார்.

"வாருங்கள் மகாராணி! படியில் எங்கும் விழவில்லையே?"

லூசியேனுக்குக் கண் நிறைந்துவிட்டது.

"ஐயோ, விளையாட்டுக்குச் சொன்னேன் அம்மா" என்று சொல்லிவிட்டு, கிழவர் தூசியே இல்லாத பியானோவைத் துடைக்க ஆரம்பித்தார்.

லூசியேன் அம்மையாரின் நாற்காலி அருகே வந்து மண்டியிட்டாள்.

"மதாம், நான் ஏன் விழுகிறேன்?"

அவள் விழுந்தது 'உறைந்த ஆறு' என்ற நடனத்தில். அது அம்மையாருடைய நடனம். முப்பது வருஷத்துக்கு முன்னால் அவருக்காகவே கட்டப்பட்டது. அதில் ஒரு மணப்பெண் பனிக்கட்டியாகிப்போன ஆற்றின் நடுவில், ஒற்றைக் கால் நுனியில், நின்ற இடத்திலேயே இருபத்தெட்டு சுற்று சுற்றவேண்டும். போன குளிர்காலம் முழுக்க அம்மையார் அதை அவளுக்குச் சொல்லிக்கொடுத்தார். முதல் இரண்டு காட்சிகள் எப்படியோ தப்பின. மூன்றாவதில் ஜனங்கள் பார்த்திருக்க மல்லாந்து விழுந்தாள். அதற்குப் பிறகு ஒத்திகையிலும் விழுந்தாள்.

"மற்றவர்கள் என்ன சொல்கிறார்கள்?" என்று அம்மையார் கேட்டார்.

"செருப்பு தைக்கிறவர் செருப்பில் குறை என்கிறார். வைத்தியர் முழங்காலில் என்கிறார். வாத்தியக் கோஷ்டிக்காரர் என் காதில் குறை என்கிறார்."

"இயக்குநர்?"

"அவர் ஒரு காரணமும் சொல்லவில்லை. வருகிற சனிக்கிழமை பகல் காட்சியில் விழுந்தால் அந்த வேஷம் வேறு பெண்ணுக்கு என்று மட்டும் சொன்னார்."

"நீ என்ன சொல்கிறாய்?"

"என்னிடம்தான் ஏதோ குறை. என்னவென்று தெரிந்தால் திருத்திக்கொள்வேன்."

அம்மையார் கையை நீட்டி மூலையில் இருந்த பூவாளியைக் காட்டினார்.

பாடம் தொடங்கும் முன் தரையில் தண்ணீர் தெளிக்கவேண்டும். தெளித்தால் கால் வழுக்காது. அது அம்மையார் படித்த பள்ளிக்கூடத்து வழக்கம். மூத்த மாணவிதான் தெளிப்பாள். லூசியேன் அந்தப் பூவாளியைத் தொட்டு ஆறேழு வருஷம் ஆகியிருந்தது. இப்போது எடுத்தாள். ஒரு மூலை விடாமல் தெளித்தாள்.

பிறகு ஆடினாள். பதினோராவது சுற்றில் மல்லாந்து விழுந்தாள்.

"நாளைக்கு வா" என்றார் அம்மையார்.

செவ்வாய்க்கிழமை பதினான்காவது சுற்றில் விழுந்தாள். அம்மையார் நாற்காலியில் இருந்தபடி அவளுடைய காலைப் பார்த்தார், கையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். எல்லாம் சரியாகவே இருந்தது.

"நாளைக்கு வா."

புதன்கிழமை அவள் ஆடிக்கொண்டிருக்கும்போது மாதா படத்து விளக்கு அணைந்துபோனது. அம்மையார் அதை ஒரு நாளும் அணைய விட்டதில்லை. எழுந்து போய் எண்ணெய் ஊற்றினார். தீக்குச்சியைக் கிழித்து, ஜெபம் சொல்லிக்கொண்டே தலையைத் திருப்பினார்.

ஒன்பது வருஷத்தில் அவர் லூசியேனைப் பக்கவாட்டிலிருந்து பார்த்தது அதுதான் முதல் தடவை. என்றைக்கும் எதிரே உட்கார்ந்துதான் பார்த்திருக்கிறார்.

தீக்குச்சி விரல் வரைக்கும் எரிந்தது. அவருக்குத் தெரியவில்லை.

"நிறுத்து" என்றார்.

பியானோவும் நின்றது.

"ஒனோரே, உங்கள் ஆரஞ்சுப் பழத்தைக் கொஞ்சம் கொடுங்கள்."

"மத்தியானத்துக்கு எனக்கு அது ஒன்றுதான் இருக்கிறது."

"தின்ன மாட்டேன். கொடுங்கள்."

அம்மையார் பழத்தை வாங்கிக்கொண்டு கூடத்தின் நடுவே வந்தார். மெல்ல முழங்காலிட்டார். பழத்தைத் தரையில் வைத்துக் கையை எடுத்தார். மூன்று பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"உருளவில்லை" என்றார் அம்மையார்.

"எப்படி உருளும் மதாம்? தரை மட்டமாகத்தானே இருக்கிறது?"

"எங்கள் ஊரில் உருளும்."

லூசியேனுக்குப் புரியவில்லை. அம்மையார் தரையிலேயே உட்கார்ந்துகொண்டார். அவளும் உட்கார்ந்தாள்.

"எங்கள் அரங்கத்தில் மேடை பின்பக்கம் உயரமாகவும் முன்பக்கம் தாழ்வாகவும் இருக்கும். பின்வரிசையில் ஆடுகிறவள் காலும் ஜனங்களுக்குத் தெரியவேண்டுமே, அதற்காக. மேடை அப்படி என்பதால் பள்ளிக்கூடத் தரையையும் அதே சரிவில் போட்டிருந்தார்கள். பத்து வயதில் நான் அந்தத் தரையில் ஏறினேன். சரிவில் ஆடினால் உடம்பைத் துளி பின்னால் வைத்துக்கொள்ளவேண்டும்."

"வைக்காவிட்டால்?"

"முன்வரிசைச் சீமானின் மடியில் போய் உட்காருவோம்."

ஒனோரே சிரித்தார். அம்மையார் சிரிக்கவில்லை.

"அதை யாரும் எங்களுக்குச் சொல்லித்தரவில்லை. உடம்பே பழகிக்கொண்டது. அப்படிப் பழகியிருக்கிறோம் என்பதே எங்களுக்குத் தெரியாது. ஊரை விட்டு வந்து, மட்டமான மேடையில் ஏறிய முதல் நாள் விழுந்தேன். அடுத்த ஊரிலும் விழுந்தேன். பிறகு ஒவ்வொரு நடனமாக எடுத்து, சாயாமல் ஆடக் கற்றுக்கொண்டேன். இது ஒன்றைத் தவிர."

"இதை மட்டும் ஏன் விட்டீர்கள்?"

"இதை நான் இங்கே ஒரு மேடையிலும் ஆடவில்லை. மனசு வரவில்லை. கடைசியாக அங்கே ஆடினேன். ஐந்தாம் நாள் கிளம்பிவிட்டேன்."

அவர் பழத்தைக் கையில் எடுத்தார்.

"பயணம் புறப்படும் முன் எங்கள் ஜனங்கள் ஒரு நிமிஷம் சும்மா உட்காருவார்கள். போகிறவர்கள், இருக்கிறவர்கள், எல்லோரும். எதையும் மறந்து விட்டுவிட்டுப் போகக்கூடாது என்று. அன்றைக்கு எங்களுக்கு உட்கார நேரமில்லை."

விளக்குத் திரி படபடத்து அடங்கியது.

"மற்ற நடனங்களையெல்லாம் நாற்காலியில் இருந்தபடி வாயால் சொன்னேன். இதை மட்டும் எழுந்து ஆடிக் காட்டினேன். நீ உண்மையான பிள்ளை. கொடுத்ததை அப்படியே வாங்கிக்கொண்டாய். அந்தத் தரையையும் சேர்த்து வாங்கிக்கொண்டாய். உன்னிடம் குறை ஒன்றும் இல்லையம்மா. நீ இல்லாத சரிவில் சாய்கிறாய்."

லூசியேன் திகைத்துப்போய் உட்கார்ந்திருந்தாள்.

ஒனோரே மெதுவாக வாயைத் திறந்தார். "முதல் காட்சிக்குப் பத்திரிகையில் ஒருவர் எழுதினாரே. 'பின்னால் சாயும் அந்த முதுகில் ருஷ்ய நாட்டின் துயரமெல்லாம் தெரிந்தது' என்று. அப்படியென்றால் அந்தத் துயரம் தச்சன் போட்டதா?"

"சும்மா இருங்கள் ஒனோரே."

"இருக்கிறேன். என் பழம்?"

அம்மையார் திருப்பிக் கொடுத்தார். பிறகு லூசியேனிடம் சொன்னார்:

"எழுந்திரு. நேராக நின்று ஆடு. இன்னும் மூன்று நாள் இருக்கிறது."

லூசியேன் எழுந்திருக்கவில்லை.

"மாட்டேன் மதாம்."

"என்ன?"

"அந்த இடம் வரும்போது நீங்கள் எனக்குள்ளே நிற்கிற மாதிரி இருக்கும். அதற்காகவே சுற்றுவேன். அதை எடுத்துவிட்டால் பிறகு இது உங்களுடைய நடனமா? உங்கள் கையால் கொடுத்ததை எறிந்துவிட்டு நான் மட்டும் பேர் வாங்குவதா? எப்படியாவது விழாமல் சமாளித்துக்கொள்கிறேன்."

"எத்தனை சுற்று வரைக்கும் சமாளிப்பாய்?"



அம்மையார் எழுந்தார். எதிரே இருந்த தன் நாற்காலியைத் தூக்கினார். லூசியேன் ஓடிவந்து வாங்கப் பார்த்தாள், கொடுக்கவில்லை. தானே சுமந்துபோய் அவள் முதுகுக்குப் பின்னால் சுவரோரம் போட்டு உட்கார்ந்தார்.

சுற்றும்போது தலை கிறுகிறுக்காமல் இருக்க ஆடுகிறவள் ஒரே புள்ளியில் கண்ணை வைத்துக்கொள்வாள். ஒவ்வொரு சுற்றுக்கும் பார்வை அங்கேதான் திரும்பி வரும். லூசியேனுக்கு ஒன்பது வருஷமாக அம்மையாரின் முகம்தான் அந்தப் புள்ளி.

"மதாம், நான் எதைப் பார்த்துச் சுற்றுவது?"

"பியானோவை என் நாற்காலி இருந்த இடத்தில் தள்ளிப் போடு. ஒனோரேயின் வழுக்கைத் தலையைப் பார்."

"இந்த மண்டையால் இத்தனை வயசில்தான் ஒரு உபகாரம்" என்றார் கிழவர்.

வியாழக்கிழமை அவள் முன்பக்கமாக விழுந்தாள். பக்கவாட்டில் விழுந்தாள். ஒரு தடவை பியானோ மேலேயே போய் விழுந்தாள். "மடியில் உட்காரச் சீமான் யாரும் இங்கே இல்லையம்மா" என்றார் ஒனோரே. அவள் அழுதுகொண்டே சிரித்தாள். பின்னாலிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. திரும்பிப் பார்க்க நினைத்தபோதெல்லாம், "முன்னால் பார்" என்ற குரல் மட்டும் வந்தது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் இருபத்தெட்டும் வந்தன. ஒரே ஒரு தடவை.

லூசியேன் கட்டையைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினாள். அவளுக்குச் சந்தோஷம் வரவில்லை.

"உள்ளே யாருமே இல்லை மதாம். சாமான்களை எல்லாம் எடுத்துக்கொண்டு வீட்டைக் காலி செய்த மாதிரி இருக்கிறது."

"ஆமாம்" என்றார் அம்மையார்.

அவள் படியிறங்கிப் போனதும் மாதா படத்தின் முன்னால் வந்து நின்றார். வழக்கமாக அவர் ஜெபம் சொன்னால் உதடு அசையும். அன்றைக்கு உதடு அசையவில்லை. ஒனோரே தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனார்.

சனிக்கிழமை அரங்கத்துக்குக் கிளம்பும் முன் லூசியேன் மாடிக்கு வந்தாள். அம்மையார் கோட்டு மாட்டிக்கொண்டு தயாராக இருந்தார்.

"நேரமாகிறது மதாம், போகலாமா?"

"உட்கார்."

"வண்டி கீழே நிற்கிறது."

"நிற்கட்டும். ஒனோரே, நீங்களும் உட்காருங்கள்."

மூன்று பேரும் உட்கார்ந்தார்கள். யாரும் பேசவில்லை. அம்மையார் கண்ணை மூடியிருந்தார். ஒரு நிமிஷம்தான். அது லூசியேனுக்கு நீளமாக இருந்தது. பிறகு அம்மையார் சிலுவைக் குறி இட்டுக்கொண்டு, அவள் நெற்றியிலும் இட்டார்.

"இப்போது போகலாம்."

அரங்கம் நிறைந்திருந்தது. முந்தின தடவை அவள் விழுந்ததைப் பார்த்தவர்களும் வந்திருந்தார்கள். இன்னொரு தடவை விழுவதைப் பார்க்க வந்தவர்களும் இருந்திருக்கலாம். ஆறு உறைந்தது. மணப்பெண் நடுவே வந்து நின்றாள். லூசியேன் எதிரே தேடினாள். ஒனோரேயின் தலை அங்கே இல்லை. அம்மையாரும் எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்று தெரியவில்லை. இருட்டு மட்டும் இருந்தது. இருட்டில் ஒரு புள்ளியை அவளே வைத்துக்கொண்டாள்.

பதினோராவது சுற்று போனது. பதினான்காவது போனது. இருபதுக்குமேல் ஜனங்கள் மூச்சுவிடுவதுகூடக் கேட்கவில்லை. இருபத்தெட்டு முடிந்து அவள் நின்றாள். ஒரு மெழுகுவர்த்தியை நட்டுவைத்தது போல நேராக நின்றாள்.

கைதட்டல் ஓய நேரமாயிற்று. இயக்குநர் வந்து கையைப் பிடித்து முத்தமிட்டார். வேஷம் உன்னுடையதுதான் என்றார். அவள் தலையை மட்டும் ஆட்டினாள்.

அம்மையார் மேடைக்குப் பின்னால் வந்தபோது, லூசியேன் ஒரு மரப்பெட்டி மேல் உட்கார்ந்து செருப்பு நாடாவை அவிழ்த்துக்கொண்டிருந்தாள். எழுந்து நின்றாள். அவர் முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

"மதாம், உங்கள் நடனத்தைக் கெடுத்துவிட்டேனா?"

அம்மையார் அவளை உட்காரச் சொல்லிவிட்டு, தானும் அந்தப் பெட்டியிலேயே பக்கத்தில் உட்கார்ந்தார். அவிழ்ந்து தொங்கிய நாடாவை எடுத்து விரலில் சுற்றினார்.

"நான் இந்த ஊருக்கு வந்து எத்தனை வருஷம் ஆகிறது, தெரியுமா?"

"இருபத்தாறு என்பீர்களே மதாம்."

"ஆமாம். அந்த நடனம் இன்றைக்குத்தான் வந்து சேர்ந்தது."