ராயருக்குக் கிடைத்த நாலாவது பட்டம்

ரொம்ப நாளைக்கு முன்னே, கொன்றையூர் நாட்டை வீரகேது என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். காலையில் ஒரு மனசு, சாயங்காலம் ஒரு மனசு. ஆனால் பிடித்தவர்களுக்குப் பட்டம் கொடுப்பதில் மட்டும் மாறவே மாட்டார். தினமும் கூட உட்கார்ந்து சதுரங்கம் ஆடும் திரியம்பகராயருக்கு மூன்று பட்டம் கொடுத்திருந்தார் என்றால் பாருங்களேன்!

இந்த ராயர், மனைவி வடிவாளையும் இரண்டு பிள்ளைகளையும் விட்டுவிட்டுத் தனி மாளிகைக்குக் குடிபோன மகானுபாவர். 'பௌர்ணமிதோறும் பிள்ளைகளுக்கு இரண்டு மூட்டை நெல் அளக்க வேண்டும்' என்று ராஜாவே தீர்ப்பு ஓலை எழுதிக் கொடுத்திருந்தார். எட்டுப் பௌர்ணமி போயிற்று, ஒரு மணி நெல் வரவில்லை.

வடிவாள் சபைக்கு வந்து நின்றாள். "மகாராஜா, சின்னவன் பசி பசி என்று அழுகிறான். பெரியவள் பசிக்கவே இல்லை என்று பொய் சொல்கிறாள். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை."

"மழை இல்லை மகாராஜா, மாடு வேறு படுத்துவிட்டது" என்றார் ராயர். பத்து விரலிலும் மோதிரம்! கொஞ்சமாவது கூச்சம் வேண்டாமா?

"ராஜாவின் ஓலைக்கு இவ்வளவுதான் மரியாதையா?" என்று கேட்டார் மந்திரி ஆதிமூலம்.

மந்திரி பதவிமேல் ராயருக்கு வெகுநாளாகக் கண். "அடுப்படிச் சண்டையில் மந்திரிக்கு என்ன வேலை?" என்று சீறினார்.

ராஜாவுக்குச் சதுரங்கத் தோழரை விட்டுக்கொடுக்க மனசில்லை; தன் ஓலையை விட்டுக்கொடுக்கவும் மனசில்லை. "ஆதிமூலம்! அடி கூடாது, சிறை கூடாது, அவர் களஞ்சியத்துக்கு ஆள் அனுப்பி எடுக்கவும் கூடாது. பத்து நாளில் அவராகவே அளக்க வேண்டும். முடியாவிட்டால் உம் பதவி அவருக்கு!"

"உத்தரவு. ராயருக்கு இன்னும் ஒரு பட்டம் மட்டும் நான் சூட்ட அனுமதி வேண்டும்."

"தந்தோம்!" ராயர் மீசையை முறுக்கிக்கொண்டார்.

பட்டக்காரர் வெளியே கிளம்பினால் கட்டியக்காரர் முன்னால் நடந்து பட்டங்களை முழங்குவது அந்த நாட்டு வழக்கம். மறுநாள் காலை அவர் தொண்டையைக் கனைத்தார்.

"சமர்முகச் சிங்கம்! சதுரங்கச் சக்கரவர்த்தி! குதிரையேற்றக் கோமான்! பெற்ற பிள்ளைகளுக்கு எட்டு மாசம் நெல் அளக்காத பெருமான்! வருகிறார், பராக்!"

கடைத்தெருவே கொல்லென்று சிரித்தது. ராயர் ஓடிவந்து ராஜாவிடம் முறையிட்டார்.

"இதில் பொய் ஏதாவது உண்டா?" என்றார் ராஜா.

"இல்லை... ஆனாலும்..."

"அப்படியானால் இருக்கட்டும். மறைத்தால் மற்ற மூன்றும் போய்விடும்!"

நாலாம் நாள் ராயர் இரண்டாம் தாரத்துக்குப் பெண் பார்க்கப் போனார். வாசலிலேயே கட்டியக்காரர் முழங்கிவிட்டார். பெண்ணின் தாயார் தாம்பாளத்தை உள்ளே எடுத்துக்கொண்டு போனாள். "சொந்தப் பிள்ளைக்கே அளக்காத மனுஷன் என் பெண்ணுக்கு என்னத்தை அளப்பார்? போய் வாருங்கள்!"

அன்று மாலையே ஆறு மூட்டை நெல் வடிவாள் வீட்டுக்குப் போயிற்று. தப்பித்தோம் என்று நினைத்தார் ராயர். மறுநாள் கட்டியக்காரர், "ஐந்து மாசம் நெல் அளக்காத பெருமான்!" என்று திருத்தி முழங்கினார். தலையில் அடித்துக்கொண்டு மிச்சம் பத்து மூட்டையையும் ராயர் தன் கையாலேயே அளந்தார்.

ராஜா விழுந்து விழுந்து சிரித்தார். "எப்படி ஐயா இது?" என்று மந்திரியைக் கேட்டார்.

"ஓலைக்கு வாய் இல்லை மகாராஜா. அதற்கு ஒரு வாய் கொடுத்தேன்."

ராஜாவுக்குச் சிரிப்பு நின்றுபோயிற்று. எழுதிக் கொடுத்ததோடு கடமை முடிந்தது என்று இருந்துவிட்டோமே என்று வெட்கமாக இருந்தது. தன் முத்துமாலையைக் கழற்றி மந்திரிக்குப் போட்டுவிட்டு, நெல் வந்த சேதி சொல்லச் சபைக்கு வந்திருந்த வடிவாளிடம் திரும்பினார். "அம்மா, உனக்கு என்ன பட்டம் வேண்டும்?"

"பட்டம் எதற்கு மகாராஜா? பௌர்ணமிக்கு மறுநாள் கட்டியக்காரரை எங்கள் தெருவுக்கு ஒரு நடை அனுப்புங்கள். நெல் வந்ததா என்று கேட்டால் போதும். என்னைப் போலத் தீர்ப்பு ஓலையை வைத்துக்கொண்டு காத்திருக்கிறவர்கள் இன்னும் எத்தனையோ பேர். அவர்கள் வீட்டிலும் கேட்கட்டும்."

"அப்படியே ஆகட்டும்!" என்றார் ராஜா. அந்த உத்தரவை மட்டும் அவர் கடைசிவரை மாற்றவில்லையாம்.

அந்த மாசம் ராயர் வீட்டு நெல் வண்டி பௌர்ணமிக்கு முந்தின நாளே வடிவாள் வாசலில் வந்து நின்றது. பெரியவள் இரண்டாம் தடவை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.